படம் ஓடுது, கேம் ஓடல: டிஸ்க் டிரைவுக்குள் இருக்கும் பூட்டின் கதை

இந்த எபிசோட் தீர்த்தமலையில, எங்க சித்தப்பா வீட்டு மாடியில உட்கார்ந்து பதிவு பண்ணது. எழுத்து வடிவத்துக்காக நடுவுல வர்ற ‘வந்து’, ‘அதாவது’ எல்லாத்தையும் வெட்டியிருக்கேன். தகரக் கூரை மேல குரங்கு குதிச்ச சத்தம் மட்டும் ஆடியோவில அப்படியே இருக்கு. மலைக்குக் கீழ வீடு கட்டினா அதுவும் சேர்த்துத்தான்.

பொங்கல் லீவுக்கு ஊருக்கு வந்தேன். பையை இறக்கி வைக்கிறதுக்குள்ள சித்தப்பா பையன் ஒரு கேம் கன்சோலைத் தூக்கிட்டு வந்து முன்னாடி வெச்சான். “ண்ணா, நீ இன்ஜினியர்தான? இதைக் கொஞ்சம் பாரேன்.”

நான் சாஃப்ட்வேர் எழுதுறவன். நாலு வருஷம் இன்ஜினியரிங் படிச்சதுல ஒரு லேசர் லென்ஸைக்கூடக் கையில தொட்டதில்லை. ஆனா ஊர்ல அதையெல்லாம் சொல்ல முடியுமா? ஸ்க்ரூ டிரைவர் எடுத்துட்டு வாடான்னேன்.

கதை இதுதான். மூணு வருஷத்துக்கு முன்னாடி அரூர்ல ஒரு ஃப்ரெண்டுகிட்ட இருந்து பழைய கன்சோல் ஒண்ணும், கூடவே பதினாலு டிஸ்க்கும் வாங்கியிருக்கான். எந்தக் கம்பெனி கன்சோல்னு சொல்லப் போறதில்லை. ஆறு மாசத்துக்கு முன்னாடி டிஸ்க் படிக்கிறது நின்னுபோச்சு. இவனே வீடியோ பார்த்துக் கழட்டி, ஒரு கடையில பழைய டிரைவைக் கொடுத்து, வேற டிரைவை எக்ஸ்சேஞ்சுல வாங்கி மாட்டியிருக்கான். அப்பவும் ஓடல. புது டிரைவும் டூப்ளிகேட்டுதான், ஏமாத்திட்டாங்கன்னு ஒரே கோபம்.

ஒரு சாயங்காலம் முழுக்க அதோட போராடினேன். கடைசியில தெரிஞ்சது, அந்த டிரைவ்ல கோளாறே இல்ல. கடைக்காரர் கொடுத்தது நல்ல டிரைவ். தம்பி மாட்டினதும் சரியாத்தான் மாட்டியிருந்தான். இருந்தும் ஓடல. ஏன்னு புரிய முப்பது வருஷம் பின்னாடி போகணும். அதுக்கு முன்னாடி, டிஸ்க் டிரைவ்னா என்ன, அது எங்க கெடும்னு பார்த்துடலாம்.

ஒரு சிடியில தகவல், நடுவுல ஆரம்பிச்சு ஓரத்துக்குப் போற ஒரே சுருள் கோடா எழுதப்பட்டிருக்கு. பக்கத்துப் பக்கத்துச் சுற்றுக்கு நடுவுல இடைவெளி 1.6 மைக்ரான். நம்ம தலைமுடி ஒண்ணோட தடிமன்ல நாற்பதுக்கும் மேல சுற்று அடங்கிடும். டிவிடியில இடைவெளி 0.74 மைக்ரான், இன்னும் நெருக்கம். இந்தக் கோட்டை எந்த ஊசியும் தொடாம, வெறும் வெளிச்சத்தால படிக்கணும். சிடிக்கு 780 நானோமீட்டர் லேசர், டிவிடிக்கு 650, ப்ளூ-ரேக்கு 405. அதனால டிவிடி படிக்கிற டிரைவுகள்ல பொதுவா சிடிக்கு ஒண்ணு, டிவிடிக்கு ஒண்ணுன்னு தனித்தனி லேசர் இருக்கும்.

இதுல ஆச்சரியமான விஷயம் லேசர் கிடையாது, லென்ஸ் ஆடுற ஆட்டம்தான். சுத்துற டிஸ்க் தட்டையா இருக்கிற மாதிரிதான் கண்ணுக்குத் தெரியும். உண்மையில அரை மில்லிமீட்டர் வரைக்கும் மேலும் கீழும் அலையலாம். லென்ஸ் அந்த அலைச்சலைத் துரத்திக்கிட்டே, ஒண்ணு ரெண்டு மைக்ரானுக்குள்ள ஃபோகஸைப் பிடிச்சு வெச்சிருக்கணும். மெல்லிய கம்பிகள்ல தொங்குற லென்ஸைக் காந்தச் சுருள் ஆட்டி ஆட்டி இதைச் செய்யுது. டிஸ்க்கைப் போட்டதும் ‘க்ரிக், க்ரிக்’னு ஒரு சத்தம் கேக்குமே, லென்ஸ் வண்டி உள்பக்கமா நகர்ந்து, மேல கீழ ஆடி, ‘டிஸ்க் எங்க இருக்கு’ன்னு தேடுற சத்தம் அது.

வீட்ல சரி பார்க்கிறவங்களுக்கு அந்தச் சத்தம்தான் முதல் க்ளூ. சத்தமே இல்லைன்னா மோட்டாரோ ரிப்பன் கேபிளோ. தேடுது, ஆனா டிஸ்க் சுத்தலைன்னா பெரும்பாலும் லென்ஸ்ல தூசி, இல்லைன்னா லேசர் சோர்ந்துபோச்சு. சுத்துது, பாதியில நிக்குதுன்னா வண்டி ஓடுற தண்டவாளத்துல கிரீஸ் காய்ஞ்சிருக்கலாம். சிடி படிக்குது, டிவிடி படிக்கலைன்னா ரெண்டு லேசர்ல ஒண்ணு போச்சு. இந்த ஒரு சோதனைக்கு எந்தக் கருவியும் வேண்டாம், வீட்ல கிடக்கிற ரெண்டு டிஸ்க் போதும். ஆனா எல்லாரும் இதைக் கடைசியாத்தான் பண்ணுவாங்க. நானும் அப்படித்தான்.

முதல்ல லென்ஸைத் துடைச்சேன். காது குடையற பஞ்சுக் குச்சி, ஐசோபுரோபைல் ஆல்கஹால். சானிடைசர் வேண்டாம், அதுல இருக்கிற கிளிசரின் லென்ஸ் மேல படலமா ஒட்டிக்கும். மூடி இல்லாம ஓட விடும்போது லென்ஸைக் குனிஞ்சு பார்க்கவே கூடாது. 780 நானோமீட்டர் வெளிச்சம் நம்ம கண்ணுக்குப் பெரும்பாலும் தெரியாது. தெரியாததாலதான் ஆபத்து.

அப்புறம் டிஸ்க்கைத் துடைச்சேன். இதுல ஒரு சின்ன சரித்திரம் இருக்கு. டிஸ்க்கை வட்டமாத் துடைக்கக் கூடாது, நடுவுல இருந்து ஓரத்துக்கு நேர்கோட்டுல துடைக்கணும்னு கேள்விப்பட்டிருப்பீங்க. ஏன்? 1960-ல இர்விங் ரீட், குஸ்டாவ் சாலமன்னு ரெண்டு கணித மேதைகள் ஒரு கட்டுரை எழுதினாங்க. தகவலோட கூடுதலா சில எண்களைச் சேர்த்து அனுப்பினா, நடுவுல சிலது அழிஞ்சாலும் மிச்சத்தை வெச்சு முழுசையும் மீட்டுடலாம்னு காட்டினாங்க. சோனியும் பிலிப்ஸும் 1982-ல சிடியைக் கொண்டு வந்தப்போ இந்த யோசனையை உள்ள வெச்சாங்க. கூடவே தகவலைக் கலைச்சுப் போட்டுத் தூரத் தூரமா எழுதினாங்க. அதனால தடத்துல சுமார் 2.5 மில்லிமீட்டர் நீளத்துக்கு முழுசா அழிஞ்சாலும் சிடி தப்பிச்சுடும். குறுக்கே விழுற கீறல் ஒவ்வொரு சுற்றிலும் ஒரு துளியைத்தான் தொடுது, அது மீண்டுடும். தடத்தோடவே போற வட்டக் கீறல், அந்த 2.5 மில்லிமீட்டரைச் சுலபமாத் தாண்டிடும். துணியில ஒட்டியிருக்கிற ஒரே ஒரு மணல் துகள் வட்டமாப் போனா டிஸ்க் காலி.

நான் துடைக்கிறதைப் பார்த்துட்டு எங்க ஆயா, “அதுக்கு ஏன்டா இத்தனை பாடு, கொஞ்சம் துணூறு போட்டுத் தேய்”னு சொன்னாங்க. சிரிக்காதீங்க. டூத்பேஸ்ட் வைத்தியமும் அதேதான். மிருதுவான பொடி, 1.2 மில்லிமீட்டர் பாலிகார்பனேட் மேல இருக்கிற லேசான கீறலை இழைச்சு மழுங்கடிக்குது. சிடிக்கும் டிவிடிக்கும் சில நேரம் வேலை செய்யும். ப்ளூ-ரேக்கு மட்டும் செஞ்சுடாதீங்க. அதுல தகவலுக்கு மேல இருக்கிற உறையே 0.1 மில்லிமீட்டர்தான். சிடியோட லேபிள் பக்கத்தையும் தேய்க்காதீங்க. பளபளக்கிற படலம் அந்தப் பக்கம்தான், ஒரு மெல்லிய வார்னிஷுக்கு அடியில இருக்கு.

சரி, இப்ப சரித்திரம்.

வீடியோ கேம் பெட்டிக்குள்ள இந்த நுணுக்கமான, தேயக்கூடிய சாமான் ஏன் வந்தது? அதுக்கு முன்னாடி கேட்ரிட்ஜ்தான். அதுல அசையற பாகமே இல்ல. ஓடலைன்னா எடுத்து ‘உஃப்’னு ஊதிட்டுத் திரும்பச் சொருகுவோம். ஊதுறதால எச்சில் ஈரம் பட்டுக் காண்டாக்ட் கெட்டுப்போகும், ஊதாதீங்கன்னு நின்டெண்டோவே சொன்னது. திரும்பச் சொருகினதாலதான் ஓடுச்சு. பெருமை ஊதினவனுக்குப் போச்சு.

1990 வாக்குல நின்டெண்டோவும் சோனியும் சேர்ந்து, நின்டெண்டோ பெட்டிக்கு ஒரு சிடி டிரைவ் செய்ய ஒப்பந்தம் போட்டிருந்தாங்க. 1991 ஜூன்ல சிகாகோ கண்காட்சியில சோனி அதை அறிவிச்சது. அடுத்த நாளே நின்டெண்டோ மேடை ஏறி, நாங்க பிலிப்ஸோட போறோம்னு சொல்லிடுச்சு. சோனிக்கு அது பெரிய அவமானம். கென் குத்தராகிங்கிற சோனி இன்ஜினியர், நாமே தனியா ஒரு பெட்டி செய்வோம்னு மேலிடத்தைச் சம்மதிக்க வெச்சார். 1994 டிசம்பர் 3-ஆம் தேதி ஜப்பான்ல ப்ளேஸ்டேஷன் வந்தது. கேட்ரிட்ஜ் தயாரிக்கச் சிப் வாங்கணும், மாசக்கணக்குல காத்திருக்கணும். சிடி அச்சடிக்க ரொம்பக் கொஞ்சம் காசு, சில நாள் போதும், 650 எம்பி இடமும் உண்டு. கேம் எழுதுறவங்க கூட்டமாச் சோனி பக்கம் வந்தாங்க.

ஆனா ஒரு வருஷம் ரெண்டு வருஷம் கழிச்சு, வீடுகள்ல ஒரு விநோதக் காட்சி. பெட்டியைத் தலைகீழாக் கவிழ்த்து வெச்சு விளையாடினாங்க. ஆரம்ப மாடல்கள்ல லென்ஸ் வண்டி பிளாஸ்டிக். அது பவர் சப்ளைக்குப் பக்கத்துல இருந்து சூடாச்சு. ஓடி ஓடித் தேய்ஞ்சு ஒரு பக்கமாச் சாய்ஞ்சது. லென்ஸ் ஒரு இம்மி சாய்ஞ்சாலும் வெளிச்சம் திரும்பி வர்ற கோணம் மாறிடும். கவிழ்த்து வெச்சா எடை எதிர்ப்பக்கம் விழுந்து, சாய்வு தற்காலிகமாச் சரியாகும். இதை எந்தச் சர்வீஸ் சென்டரும் சொல்லித் தரல. விளையாடினவங்களே கண்டுபிடிச்சாங்க. அப்புறம் வந்த மாடல்கள்ல சோனி லென்ஸைச் சூட்டுல இருந்து தள்ளி வெச்சது.

அதே டிரைவுக்குள்ள சோனி இன்னொண்ணையும் வெச்சது. அதுதான் இந்த எபிசோடோட மையம்.

அச்சடிக்க மலிவான டிஸ்க், திருடவும் மலிவு. அதனால ஒரிஜினல் டிஸ்க்கோட உள் ஓரத்துல, தடத்தையே லேசா நெளிய வெச்சு, அந்த நெளிவுல நாலு எழுத்தை ஒளிச்சாங்க. அமெரிக்க டிஸ்க்குக்கு எஸ்சிஇஏ, ஐரோப்பாவுக்கு எஸ்சிஇஇ, ஜப்பானுக்கு எஸ்சிஇஐ. சாதாரண சிடி ரைட்டரால இந்த நெளிவை எழுத முடியாது. டிரைவ் அந்த நாலு எழுத்தைப் பார்த்தாத்தான் கேம் ஓடும். ரொம்ப நேர்த்தியான டிசைன், நான் ரசிச்சுப் படிச்சேன். உடைச்சதும் அதே நேர்த்தியோடதான். எட்டுக் கால் இருக்கிற ஒரு சின்ன மைக்ரோகன்ட்ரோலரைப் போர்டுல பத்த வெச்சா, டிரைவ் கேக்கிற நேரத்துல அது அந்த எழுத்துகளைத் தானே முணுமுணுக்கும். அதுக்குப் பேர்தான் மாட் சிப்.

இப்ப நம்ம பக்கம் வருவோம். 2006-ல தமிழ்நாட்டுல இலவச வண்ணத் தொலைக்காட்சித் திட்டம் ஆரம்பிச்சது. ஒன்றரைக் கோடிக்கும் மேல 14 இன்ச் டிவி வீடுகளுக்குப் போச்சு. அரசியலை விடுங்க. ஒரு கேம் விளையாடுறவன் கண்ணோட்டத்துல அந்த டிவியோட முக்கியமான பாகம், மஞ்சள் கேபிள் சொருகுற ஓட்டை. டிவி வந்துச்சு, அதுல மாட்ட விசிடி ப்ளேயர் வந்துச்சு, கொஞ்சம் வசதி இருந்த வீட்டுல கேம் பெட்டியும் வந்துச்சு. 2000 மார்ச்ல ஜப்பான்ல வெளியான ப்ளேஸ்டேஷன் 2, டிவிடி படமும் போடும்ங்கிறதால அப்பாக்களைச் சம்மதிக்க வைக்கச் சுலபமா இருந்தது. பதின்மூணு வருஷம் அதைத் தயாரிச்சாங்க, 15 கோடிக்கும் மேல வித்துச்சு. 2009-ல ஹைதராபாத்ல ‘ஹனுமான்: பாய் வாரியர்’னு அதுக்கு ஒரு கேமே செஞ்சாங்க. அந்தச் சமயத்துல ப்ளேஸ்டேஷன் 3 வந்து ரெண்டு மூணு வருஷம் ஆகியிருந்தது. இந்தியாவில அதோட ஆரம்ப விலை 39,990 ரூபாய். அதனால இங்க பழைய பெட்டிக்குத்தான் ஆயுசு கெட்டி.

ப்ளேஸ்டேஷன் 2-லயும் டிரைவ்தான் முதல்ல படுத்தது. ‘டிஸ்க் ரீட் எரர்’னு திரையில வரும். 2002-ல கலிஃபோர்னியாவில வாடிக்கையாளர்கள் கூட்டு வழக்குப் போட்டாங்க, பின்னாடி அது சமரசத்துல முடிஞ்சது. நம்ம ஊர்ல வழக்கு எங்க போடறது? மெக்கானிக் கடைக்குப் போனாங்க. விசிடி ப்ளேயர் லென்ஸ் மாத்திப் பழகின கை அது. ‘213 லென்ஸ் இருக்கா’ன்னு நம்பர் சொல்லி வாங்குறவங்க. கேஎஸ்எஸ்-213ங்கிற சோனி லென்ஸோட கடைசி மூணு எண் அது. கேம் பெட்டியைத் திறந்தா உள்ள இருக்கிறதும் அதே குடும்பம்தான். ஆரம்பகால ப்ளேஸ்டேஷன் 2-ல லென்ஸோட சாய்வைத் திருத்த ஒரு சின்ன வெள்ளைப் பல்சக்கரம் உண்டு. பழைய இடத்தை மார்க்கர்ல குறிச்சுட்டு, ஒவ்வொரு பல்லாத் திருப்பிப் பார்ப்பாங்க. இன்னும் துணிஞ்சவங்க லென்ஸ் போர்டுல இருக்கிற குட்டித் திருகை மல்டிமீட்டர் வெச்சுத் திருகி, லேசருக்குக் கரன்ட்டைக் கூட்டுவாங்க. படிக்கும். ஆனா விளக்குத் திரியைத் தூண்டி விடுற மாதிரிதான், எண்ணெய் சீக்கிரம் தீரும்.

இதே கடையிலதான் மாட் சிப்பும் போட்டாங்க. அதை மறைக்க வேண்டியதில்லை. பர்மா பஜார்ல டிஸ்க், ரிச்சி தெருவுல சிப், லென்ஸ், பத்தவைக்கிற ஆள் எல்லாம் கிடைச்ச காலம் அது. லென்ஸ் மாத்துறதும் பூட்டு உடைக்கிறதும் ஒரே மேஜையில, ஒரே சால்டரிங் அயர்ன்ல நடந்தது. 2004-ல தமிழ்நாட்டுல குண்டர் சட்டத்தைத் திருத்தி, திருட்டு வீடியோக்காரங்களையும் அதுக்குள்ள கொண்டு வந்தாங்க. விசாரணை இல்லாம ஒரு வருஷம் வரைக்கும் உள்ள வைக்கலாம். அது சினிமா சிடிக்காகப் போட்ட சட்டம். ஆனா ஒரு சின்ன ஊர் மெக்கானிக் கடையில போலீஸ் நுழைஞ்சா, மேஜை மேல கிடக்கிற நூறு டிஸ்க்கில எது ரிப்பேருக்குச் சோதனை பண்ண வெச்சது, எது விக்க வெச்சதுன்னு யார் பிரிப்பாங்க?

என்னோட வாதம் இதுதான். தேயற பாகத்தையும் பூட்டையும் கம்பெனிகள் ஒரே பெட்டிக்குள்ள வெச்சுட்டாங்க. அதனால ரிப்பேர் பண்றவனும் திருடனும் வெளியில இருந்து பார்க்க ஒரே ஆளாத் தெரிய ஆரம்பிச்சாங்க.

2005-க்கு அப்புறம் இந்தச் சிக்கல் முடிச்சு இறுகிடுச்சு. அந்த வருஷம் மைக்ரோசாஃப்ட்டோட எக்ஸ்பாக்ஸ் 360 வந்தது. அதுல ‘இது ஒரிஜினல் டிஸ்க்தானா’ன்னு தீர்மானிக்கிற வேலையை டிரைவ்கிட்டயே கொடுத்திருந்தாங்க. டிரைவ் சொல்றதைப் போர்டு நம்பும். அப்ப பொய் சொல்ற டிரைவை எவனாவது மாட்டிட்டா? அதுக்காக ஒவ்வொரு டிரைவுக்கும் அதோட மெயின் போர்டுக்கும் ஒரு ரகசியச் சாவியைக் கொடுத்து, ஜோடி சேர்த்து வெச்சாங்க. இந்தப் போர்டுக்கு இந்த டிரைவ்தான். 2006-லயே டிரைவோட உள் மென்பொருளை மாத்தி எழுதி அதையும் உடைச்சுட்டாங்க, அது தனிக் கதை. ஜோடி சேர்க்கிற பழக்கம் மட்டும் நின்னுடுச்சு. ப்ளேஸ்டேஷன் 3-லயும் 4-லயும்கூட டிரைவ் போர்டும் மெயின் போர்டும் ஜோடிதான்.

ஒரு புரோகிராமரா இந்த டிசைன் எனக்குப் புரியுது. நம்ம வேலையிலயும் ரெண்டு சர்வர் பேசிக்கிறதுக்கு முன்னாடி சாவி சரிபார்ப்போம். நானே எழுதியிருக்கேன். ஆனா சர்வர் சாவி தொலைஞ்சா புதுச் சாவி போட ஒரு வழி வெச்சிருப்போம். இந்தப் பெட்டிகள்ல அந்த வழி கம்பெனி கையில மட்டும். வாரன்டி முடிஞ்சு, தயாரிப்பு நின்னு, சர்வீஸ் சென்டரும் மூடின பிறகு அது யார் கையிலயும் இல்ல.

இப்ப சித்தப்பா வீட்டு மாடிக்கு வாங்க. லென்ஸைத் துடைச்சாச்சு, கேபிளைக் கழட்டி மாட்டியாச்சு, தண்டவாளத்துக்குக் கிரீஸ் வெச்சாச்சு. பதினாலு டிஸ்க்கும் ‘படிக்க முடியல’. டிஸ்க் நல்லாச் சுத்துது, லென்ஸ் ஒழுங்கா நகருது. ராத்திரி ஒன்பது மணி இருக்கும், அப்பதான் புத்தி வந்துச்சு. “டேய், வீட்ல கேம் இல்லாத டிஸ்க் ஏதாவது இருக்கா?” பீரோவுல இருந்து ஒரே ஒரு டிவிடி வந்துச்சு. அவனோட காதுகுத்து டிவிடி.

போட்டோம். ஓடுச்சு. தீர்த்தகிரீஸ்வரர் கோயில் படிக்கட்டு, ராமர் தீர்த்தத்துல எல்லாரும் தலையைக் காட்டி நிக்கிறது, தாய்மாமன் மடியில மொட்டைத் தலையோட இவன் வாயைப் பிளந்து அழுறது. ஒரு இடத்துலயும் தடங்கல் இல்ல.

லென்ஸ் நல்லா இருக்கு, லேசர் நல்லா இருக்கு. சினிமா டிஸ்க்குக்கு ஜோடிச் சாவி தேவையில்ல, அதனால ஓடுது. கேம் டிஸ்க்னா, போர்டு டிரைவைப் பார்த்து ‘நீ யார்’னு கேக்குது. எக்ஸ்சேஞ்சுல வந்த டிரைவுக்கு வேற ஏதோ வீட்டுப் போர்டோட சாவிதான் தெரியும்.

இந்த மாதிரிப் பெட்டியில டிரைவ் மாத்த ஒரு வழி உண்டு. டிரைவுக்கு அடியில இருக்கிற பச்சைப் போர்டைக் கழட்டிப் பத்திரமா வெச்சுக்கணும், சாவி அதுலதான் இருக்கு. லென்ஸ், மோட்டார், தட்டு இதை மட்டும் மாத்தி, பழைய போர்டையே திரும்ப மாட்டணும். தம்பி பார்த்த வீடியோவில இதைச் சொல்லலையோ, இவன் ஓட்டி விட்டுட்டானோ, தெரியல. பழைய போர்டோட சேர்த்து முழு டிரைவையும் எக்ஸ்சேஞ்சுல கொடுத்துட்டான்.

அவன்கிட்ட இதைச் சொல்றதுதான் கஷ்டமா இருந்துச்சு. “அப்ப இந்தப் பதினாலு டிஸ்க்?”னு கேட்டான். எல்லாமே ஒரிஜினல். காலேஜ் போயிட்டே வாரக் கடைசியில கேட்டரிங் வேலைக்குப் போய்ச் சேர்த்த காசு. ஒரு திருட்டு டிஸ்க்கூட வாங்கினதில்ல, அதுல அவனுக்கு ஒரு கௌரவம். திருடனைத் தடுக்க வெச்ச பூட்டு, அந்த வீட்டுல இவனைத்தான் வெளியில நிறுத்தியிருக்கு.

இந்தப் பிரச்சினை சட்டம் எழுதுறவங்க காது வரைக்கும் போச்சா? போச்சு, ஆனா ரொம்ப லேட்டா. அமெரிக்காவில 1998-ல வந்த டிஎம்சிஏ சட்டப்படி, டிஜிட்டல் பூட்டை உடைக்கிறதே பெரும்பாலும் தப்பு. மூணு வருஷத்துக்கு ஒரு தடவை விதிவிலக்கு கேட்டு மனுப் போடலாம். ரிப்பேருக்காகக் கேட்டவங்க பப்ளிக் நாலெட்ஜ், ஐஃபிக்ஸிட் ரெண்டு பேரும். 2021 அக்டோபர்ல விதிவிலக்கு கிடைச்சது. கேம் கன்சோலோட எந்தப் பாகத்துக்குத் தெரியுமா? டிஸ்க் டிரைவுக்கு மட்டும். டிரைவை ரிப்பேர் பண்ணவோ மாத்தவோ பூட்டைத் திறக்கலாம், முடிச்சதும் பூட்டைப் பழையபடி போட்டுடணும். அதுக்கான கருவியை நீங்களே செஞ்சுக்கணும், இன்னொருத்தர் செஞ்சு விக்கிறதுக்கு இந்த விதிவிலக்குல இடமில்ல. கதவைத் திறக்க அனுமதி இருக்கு, சாவி செய்யறவன் கடை போடக் கூடாது.

இந்தியாவில 2012 திருத்தத்துல பதிப்புரிமைச் சட்டத்துக்குள்ள 65ஏ பிரிவு வந்தது. நான் வக்கீல் இல்ல, ஆனா படிச்சுப் பார்த்தா நம்ம சட்டம் இந்த விஷயத்துல கொஞ்சம் நிதானமாவே எழுதப்பட்டிருக்கு. உரிமையை மீறும் நோக்கத்தோட பூட்டை உடைச்சாத்தான் குற்றம், ரெண்டு வருஷம் வரைக்கும் சிறை, அபராதம். தன் பெட்டியில தன் டிஸ்க்கை ஓட்டணும்ங்கிற நோக்கம் அதுல வராதுன்னுதான் எனக்குத் தோணுது. 2022 ஜூலையில நுகர்வோர் விவகாரத் துறை பழுதுபார்க்கும் உரிமைக்குன்னு ஒரு குழு போட்டது, டிசம்பர்ல ஒரு இணையதளமும் வந்தது. விவசாயக் கருவி, மொபைல், வீட்டுச் சாமான், வாகனம்னு நாலு துறைகளை எடுத்துக்கிட்டாங்க. டிராக்டருக்கு முன்னுரிமை கொடுத்ததுல எனக்கு வருத்தமில்ல. அரூர்ப் பக்கம் டிராக்டர் நின்னா என்ன ஆகும்னு தெரியும்.

கம்பெனிகளும் டிரைவைக் கழட்டி மாட்டறதைச் சுலபமாக்கிட்டாங்க. 2023 நவம்பர்ல வந்த மெலிசான ப்ளேஸ்டேஷன் 5-ல டிரைவ் தனிப் பெட்டி, ஸ்க்ரூ டிரைவர்கூட வேண்டாம். ஆனா முதல் தடவை மாட்டும்போது இன்டர்நெட்டுல போய் ஜோடி சேர்த்தாகணும். பழைய முறையைவிட இது எவ்வளவோ மேல், கம்பெனியே வீட்டுக்குள்ள சாவி மாத்திக் கொடுக்குது. அந்தச் சர்வரை அணைக்கிற நாள் வரைக்கும்.

மறுநாள் காலையில நானும் தம்பியும் பைக்ல அந்தக் கடைக்குப் போனோம். கடைக்காரரைத் தம்பி ஆறு மாசமாத் திட்டிட்டு இருந்தான், அதனால உள்ள வரவே வெக்கப்பட்டான். அவர்கிட்ட விஷயத்தைச் சொன்னேன். சாவி கதையெல்லாம் அவருக்குப் புதுசில்ல. “நீங்க கேட்டிருந்தா அப்பவே சொல்லியிருப்பனே தம்பி”னு சொல்லிட்டு, உள்ள இருந்து ரெண்டு அரிசிச் சாக்கு இழுத்துட்டு வந்து கொட்டினார். பழைய டிரைவுகள், டிவிடி ப்ளேயர் தட்டுகள், லென்ஸுகள். எல்லாத்துலயும் பார்க்க ஒரே மாதிரிப் பச்சைப் போர்டு.

தம்பிக்குத் தன் டிரைவை அடையாளம் தெரியுமான்னு கேட்டேன். மூடியில ஒரு ஸ்டிக்கர் ஒட்டியிருந்தேன்னான். உட்கார்ந்து தேடினோம். மத்தியானம் வரைக்கும் ஒரு சாக்கு முடிஞ்சது, கிடைக்கல. நான் ராத்திரி பஸ் பிடிக்கணும். இன்னொரு சாக்கைத் தம்பி ஞாயித்துக்கிழமை வந்து பார்க்கறேன்னு சொல்லியிருக்கான், கடைக்காரர் அதுவரைக்கும் காயலான் கடைக்குப் போடாம வெச்சிருக்கேன்னு சொல்லியிருக்கார்.

இந்த எபிசோடை முடிக்கிற இந்த நேரத்துல கீழ ஹால்ல டிவி சத்தம் கேக்குது. ஆயா மூணாவது தடவையா அந்தக் காதுகுத்தைப் போடச் சொல்லிப் பார்த்துட்டு இருக்காங்க.